குறிகட்டுவான் துறையிற் கற்கும் பொருளியல்

பொருளாதார விருத்தி என்னும் தொடர் இக்காலத்திற் பள்ளிப் பிள்ளைகளின் வாயிலும் பயில்கின்றது. வறிய நாடுகள் எவ்வழியால் முன்னேறும், முன்னேறத் தொடங்கியவை இடைவழியில் ஏன் தளர்ந்து நிற்கின்றன என்னும் வினாக்களுக்கு விடை கூறும் நூல்கள் பலவுள. அவற்றைக் கற்க வேண்டாமென்று நாம் கூறோம். ஆயினும் அந்நூல்கள் கூறும் பொருளிற் பெரும்பகுதியைக் கண்முன்னே காட்டும் ஓரிடம் யாழ்ப்பாண நகரிலிருந்து ஒரு பஸ் பயணத் தூரத்தில் உளது. பண்ணைக் கடலைக் கடந்து, வேலணை வழியாகச் சென்று, வாணர் தாம்போதியைத் தாண்டி, புங்குடுதீவின் மேற்குக் கோடியை அடைந்தால் வீதி முடிந்து கடல் தொடங்குமிடம் அது. குறிகட்டுவான் இறங்குதுறை என்பது அதன் பெயர். நயினாதீவுக்கும் நெடுந்தீவுக்கும் செல்வோர் யாவரும் அங்கேதான் படகேற வேண்டும்.

நாம் அத்துறையிற் பலமுறை நின்றிருக்கின்றோம். பெரும்பாலும் கோயிலுக்குப் போகும் அவசரத்தில் நின்றோம். ஆகையாற் கண்டும் காணாதவராயிருந்தோம். ஒருநாள் படகுக்குக் காத்திருந்த வேளையில், ஏற்றப்படுவன எவை, இறக்கப்படுவன எவை என்று எண்ணிப் பார்த்தோம். நெடுந்தீவுப் படகில் ஏறியவை: அரிசி மூடைகள், கோதுமை மா, சீனி, சீமெந்து, கூரைத்தகடு, எரிவாயு உருளை, சோடாப் போத்தற் பெட்டிகள், பிள்ளைகளின் பாடப் புத்தகங்கள். அத்தீவிலிருந்து வந்த படகு இறக்கியவை: பனிக்கட்டியிட்ட மீன், நண்டு, கருவாடு, சிறிது பனம்பொருள். இவற்றோடு இறங்கியவர் பலர். அவருள் இளையோர் பெட்டியோடு இறங்கினர். முதியோர் மருந்துச்சீட்டோடு இறங்கினர்.

மாணவர்கள் இதனை மனத்திற் கொள்வாராக. ஒரு நாட்டின் ஏற்றுமதி இறக்குமதிக் கணக்கு என்பது இதுவே. உண்பதும் உடுப்பதும் கட்டுவதும் எரிப்பதும் வெளியிலிருந்து வருகின்றன. அவற்றுக்கு ஈடாகச் செல்வது ஒன்றிரண்டு பண்டம். அப்பண்டத்தின் விலையை நிருணயிப்பவர் விற்பவரல்லர். நண்டு பிடித்தவன் அதனை நாளைவரை வைத்திருக்க முடியாது. வாங்குபவன் நாளைவரை காத்திருக்க முடியும். பேரத்தின் முடிவு அங்கேயே தீர்ந்துவிடுகின்றது. சுதந்திரம் பெற்ற காலத்து இலங்கை தேயிலை, இறப்பர், தெங்கு என்னும் மூன்றை விற்று அரிசி வாங்கிய நாடாகவே இருந்தது. கொரிய யுத்த காலத்தில் இறப்பர் விலை ஏறியபோது கருவூலம் நிரம்பிற்று. விலை இறங்கியபோது, 1953 இல், அரிசி மானியம் வெட்டப்பட்டு, ஓகஸ்ட் 12 அன்று ஹர்த்தால் எழுந்தது. கொழும்புத் துறைமுகத்தின் கதையும் குறிகட்டுவான் துறையின் கதையும் அளவால் வேறு, வகையால் ஒன்று.

வறுமை ஏன் நீடிக்கின்றது என்பதற்கு 1953 இல் ரக்னர் நேர்க்சே என்னும் அறிஞர் ஒரு விளக்கம் தந்தார். வருவாய் குறைவாதலாற் சேமிப்புக் குறைவு. சேமிப்புக் குறைவாதலால் முதல் குறைவு. முதல் குறைவாதலால் உற்பத்திக் குறைவு. உற்பத்திக் குறைவாதலால் வருவாய் குறைவு. செக்கைச் சுற்றும் மாடு போல வறிய நாடு தொடங்கிய இடத்துக்கே மீள்கின்றது என்பது அவர் கருத்து. அடுத்த ஆண்டில் ஆர்தர் லூயிஸ் வேறொரு நோக்கை முன்வைத்தார். பிற்போக்கான உழவிலே தேவைக்கு மிஞ்சிய கைகள் முடங்கிக் கிடக்கின்றன. அவற்றைக் கைத்தொழில் ஈர்த்துக்கொள்ளுமாயின், குறைந்த கூலியிற் கிடைக்கும் இலாபம் மீண்டும் முதலாகி வளர்ச்சி தானே நடக்கும் என்றார். லூயிஸ் பிறந்த செயின்ற் லூசியாவும் ஒரு சிறு தீவுதான். 1979 இல் அவருக்கு நொபெல் பரிசு கிடைத்தது.

இவ்விரு கொள்கைகளையும் எம் தீவுகளில் வைத்து நிறுத்துப் பார்த்தால் நிறை சரியாக வரவில்லை. அதுவே இக்கட்டுரையை எழுதத் தூண்டியது.

முதலாவது, தீவுப்பகுதியார் சேமியாதவர் என்று எவரும் கூறார். சிக்கனத்தில் அவரை வெல்வார் அரியர். புங்குடுதீவாரும் வேலணையாரும் காரைநகராரும் தென்னிலங்கைப் பட்டினங்களிற் கடை வைத்து, கடைப் பலகையிலேயே படுத்துறங்கிப் பொருள் சேர்த்தனர். மலாயாவுக்குச் சென்றோர் அங்கிருந்து பணமும் பின்னர் ஓய்வூதியமும் ஊருக்கு அனுப்பினர். பிற்காலத்தில் சுவிற்சர்லாந்து, பிரான்சு, கனடா, இங்கிலாந்து ஆகிய நாடுகளிலிருந்து வந்த பணம் முன்னையதினும் பெரிது. ஆகவே முதல் இல்லாமையன்று குறை. முதல் எங்கே சென்று தங்கிற்று என்பதே வினா. வீடாயிற்று, கிணறாயிற்று, சீதனமாயிற்று, கோபுரமாயிற்று, பள்ளிக்கூடமுமாயிற்று. இவற்றுள் ஒன்றையும் நாம் பழிக்கவில்லை. பள்ளிக்கூடம் கட்டியவரைப் பழித்தால் இம்மலரில் எழுதும் உரிமையே எமக்கில்லை. ஆயினும் தொழிலாக மாறிய பங்கு மிகச் சிறிது என்பதை மறைக்கவும் இயலாது.

அதற்குச் சோம்பல் காரணமன்று. கடை வைத்தவன் காலியில் வைத்தானேயன்றிக் குறிகட்டுவானில் வைக்கவில்லை. ஏனெனில் வாங்குவோர் காலியில் இருந்தனர். பத்துப் பேர் வாழும் இடத்திலே நூறு பேருக்கான ஆலையை எவனும் நிறுவான். சந்தை சிறிதாயின் முதலீடு வாராது. முதலீடு வாராதாயின் ஆள் போய்விடுவான். ஆள் போனாற் சந்தை பின்னும் சிறிதாகும். நேர்க்சேயும் சந்தையின் சிறுமையைப் பற்றி எழுதியவரே. எம் தீவுகளுக்கு அவர் வட்டத்தின் அந்தப் பாதியே பொருந்துகின்றது.

இரண்டாவது, லூயிஸ் கண்ட மிஞ்சிய கைகள் இன்று இங்கே இல்லை. 1990, 1991 ஆம் ஆண்டுகளில் யுத்தம் தீவுப்பகுதி மக்களை வேரோடு பெயர்த்தது. புங்குடுதீவிற் பாழடைந்த வீடுகளையும் பற்றை மூடிய வளவுகளையும் கண்டவர் எவரும் அதனை மறவார். சுமார் 50 சதுர கிலோமீற்றர் பரப்புள்ள நெடுந்தீவில் இன்று வாழ்வோர் ஏறக்குறைய நாலாயிரம் பேர். நிலம் இங்கே, முதல் கனடாவில், உழைக்கும் கை பாரிசில் என்றவாறு உற்பத்திக் காரணிகள் மூன்றும் மூன்று கண்டங்களிற் சிதறிக் கிடக்கும் நாட்டைப் பற்றிப் பாடநூல் எழுதியவர் அரிது. நிலத்தை விற்கவும் குத்தகைக்குக் கொடுக்கவும் நினைப்பவர்க்கு இன்னொரு முட்டு உண்டு. தேசவழமையின் கீழ் ஒரு வளவு பல பங்காளிகளுக்கு உரித்தாயிருக்கும். பங்கை விற்பதாயின் ஏனைப் பங்காளிக்கு முன்கொள்ளும் உரிமை உண்டு. ஊரில் அனைவரும் வாழ்ந்த காலத்தில் அது குடும்பச் சொத்தைக் காத்த நல்ல ஏற்பாடு. பங்காளிகள் ஐந்து நாடுகளிற் பரந்த பின்னர், ஒரு கையெழுத்துக்காக ஒரு தோட்டம் தரிசாய்க் கிடக்கின்றது. சட்டம் மாறவில்லை, அதனைச் சூழ்ந்த உலகம் மாறிவிட்டது. நிலைமாறும் நாடுகளின் இடர்ப்பாடு பெரும்பாலும் இவ்வகையினதே.

தீவாயிருப்பதே குறையென்று கூறுவாரும் உளர். அவர்க்கு நயினாதீவு நாகபூசணி அம்மன் ஆலயத்திலுள்ள தமிழ்க் கல்வெட்டைக் காட்ட விரும்புகின்றோம். அது பன்னிரண்டாம் நூற்றாண்டிலே முதலாம் பராக்கிரமபாகு பொறிப்பித்தது. பிறநாட்டு வணிகர் ஊராத்துறைக்கு வந்து காவலுடன் தங்கவேண்டுமென்பது அதன் நோக்கம். யானையும் குதிரையும் ஏற்றிவந்த கலம் உடைந்தாற் காற்பங்கு பண்டாரத்துக்கு, முக்காற் பங்கு உடையவனுக்கு. ஏனைச் சரக்கேற்றிய கலம் உடைந்தாற் சரிபாதி என்று அது விதிக்கின்றது. ஊராத்துறை என்பது எமது ஊர்காவற்றுறை. உடைந்த கலத்தை அரசன் முழுவதும் வாரிக்கொள்ளலாம் என்றிருந்த உலகிலே, வணிகனுக்கு முன்னரே பங்கு கூறி, அதனைக் கல்லில் வெட்டி, அவன் மொழியில் எழுதிவைத்தான் ஓர் அரசன். அரசு நாளை என்ன செய்யும் என்று இன்றே தெரிந்துகொள்ளக்கூடிய நாட்டுக்கே வணிகன் வருவான். இக்காலப் பொருளியலார் நூறு பக்கத்திற் கூறுவதை அக்கல் சில வரியிற் கூறிவிடுகின்றது. குதிரை வேண்டியவனுக்கு அதில் முக்காற் பங்கு ஏன், மற்றதிற் பாதி ஏன் என்று மாணவர்கள் ஒருநாள் விவாதித்துப் பார்க்கலாம். ஊக்குவிப்பு வரி என்பதன் பொருள் நன்கு விளங்கும்.

அந்நாளிற் கடலே வீதி. ஆகவே தீவு வீதியோரத்தில் இருந்தது. நெடுந்தீவில் ஒல்லாந்தர் குதிரை வளர்த்தனர். அக்குதிரைகளின் வழிவந்தவை இன்றும் அங்கே கட்டின்றித் திரிகின்றன. பாய்க்கப்பற் காலம் போய்ப் புகைக்கப்பல் வந்தது. 1905 இல் காங்கேசன்துறை வரை புகையிரதப் பாதை நிறைவேறியது. சரக்கு தரைவழி திரும்பிற்று. ஊர்காவற்றுறை ஒதுங்கியது. தீவு நகரவில்லை, வீதி நகர்ந்துவிட்டது.

பின்னர் வந்த அரசாங்கக் கொள்கைகளும் இவ்வாறே ஒருபுறம் தூக்கி மறுபுறம் தாழ்த்தின. 1970 இற்குப் பிந்திய ஆண்டுகளில் இறக்குமதி தடுக்கப்பட்டபோது யாழ்ப்பாணத்து மிளகாய்க்கும் வெங்காயத்துக்கும் பொன்விலை கிடைத்தது. தோட்டம் செய்தவன் கல்வீடு கட்டினான். 1977 இற் கதவு திறக்கப்பட்டது, வெளிநாட்டு மிளகாய் வந்தது, விலை சரிந்தது. திறந்தது தவறு, மூடியதே சரி என்று நாம் வாதிக்கவில்லை. மூடியிருந்த ஏழாண்டில் மிளகாயை அரைத்துப் பொதிசெய்து விற்கும் தொழிலொன்றேனும் வேரூன்றியிருக்குமாயின், திறந்தபோது நட்டம் அவ்வளவாக இராது. காப்புவரி என்பது குழந்தைக்கு நடைவண்டி. நடைவண்டி கொடுத்த காலத்தில் நடக்கப் பழகவேண்டும்.

கடற்றொழிலின் நிலை இதனினும் சிக்கலானது. பாக்குநீரிணையின் மறுகரையிலிருந்து வரும் இழுவைப் படகுகள் அடித்தளத்தை வாரிச் செல்கின்றன. இலங்கை 2017 இல் இழுவைமடித் தொழிலைச் சட்டத்தாற் தடைசெய்தது. ஆயினும் கடலில் எல்லைக்கோடு வரைபடத்தில் மட்டுமே தெரியும். மறுகரையில் அவ்விழுவைப் படகில் வரும் கூலியாளும் தமிழன், கடன்பட்டவன், அவன் படகுக்கு முதலாளி வேறொருவன். இதனை நாம் அறிவோம். ஒரு கடலை இருவர் பங்கிடுகையில், இன்று பிடியாதவன் நாளை இழப்பான் என்ற அச்சம் இருவரையும் ஒருங்கே வறியவராக்கும். பொதுச் சொத்தின் கேடு என்று வகுப்பறையில் எழுதும் கரும்பலகைக் கோடுகளுக்குக் குறிகட்டுவானில் அறுந்த வலைகளே உதாரணம்.

அன்றியும் 2022 இன் நெருக்கடி. அவ்வாண்டு ஏப்ரலில் இலங்கை வெளிநாட்டுக் கடன் திருப்பிச் செலுத்துவதை நிறுத்தியது. 2019 இல் உலக வங்கி இந்நாட்டை உயர் நடுத்தர வருமான நாடென்று வகுத்து, மறு ஆண்டிலேயே கீழிறக்கிய செய்தி பலருக்கு நினைவிருக்கலாம். அது எச்சரிக்கை என்று கொண்டவர் சிலர். 2023 மார்ச்சிற் சர்வதேச நாணய நிதியம் ஏறக்குறைய 300 கோடி டொலர் கடனுதவிக்கு இணங்கியது. இவையெல்லாம் கொழும்பிலும் வாஷிங்டனிலும் நிகழ்ந்தவை. தீவில் நிகழ்ந்தது யாதெனின், 2022 ஓகஸ்டில் மண்ணெண்ணெய் லீற்றர் ஒன்று 87 ரூபாவிலிருந்து 340 ரூபாவாக ஒரே இரவில் ஏறியது. வெளியிணைப்பு இயந்திரம் பூட்டிய சிறு வள்ளங்கள் மண்ணெண்ணெயிலேயே ஓடுகின்றன. அதற்கு முந்திய மாதங்களில் விலை குறைவு, ஆனால் எண்ணெய் இல்லை. பின்னர் எண்ணெய் உண்டு, வாங்கப் பணமில்லை. மானியம் என்னும் மருந்தைத் திடீரென நிறுத்தினால் நோயாளி படும் பாடு இது. மானியத்தைக் குறைக்கவே கூடாதென்பாரோடு நாம் உடன்படோம். ஆயின், வரவு செலவுத் திட்டத்திற் சரியாகத் தோன்றும் ஓர் எண், கடலுக்குப் போகாத ஒரு வள்ளமாகக் கரையிற் கிடக்கும் என்பதை எழுதுவோர் ஒருமுறை நேரில் வந்து காண்பது நன்று.

ஆழமற்ற கடலில் வேலியிட்டுக் கடலட்டை வளர்க்கும் புதிய முயற்சியும் தீவுப்பகுதியிற் பரவியுள்ளது. கடலட்டை எம்மவர் உண்பதன்று. கீழைத் தேயங்களில் விலைபோவது. டொலர் வேண்டிநிற்கும் நாட்டுக்கு நல்ல பண்டமே. ஆயினும் வேலியடைத்த கடல் முன்னர் எவருடையது? கரைவலையும் களங்கண்டியும் வைத்துப் பிழைத்தவன், இறங்கி நடந்து இறால் பிடித்தவன், ஆகியோர்க்கு அங்கே பங்கு யாது? இங்கிலாந்தில் முன்னொரு காலத்துப் பொதுமேய்ச்சல் நிலங்களை வேலியடைத்த கதையைச் சரித்திர வகுப்பிற் படித்தோம். உற்பத்தி பெருகியது உண்மை. வெளியேற்றப்பட்டவர் பட்டினத்துச் சேரிகளை நிரப்பியதும் உண்மை. பண்ணை வைக்கும் உரிமை ஊர்க் கடற்றொழிலாளர் சங்கத்துக்கும் அதன் உறுப்பினருக்கும் முதலிற் கிடைக்குமாயின் எம் ஐயம் பாதி நீங்கும்.

மின்சாரத்தின் கதை வெளிநாட்டுதவி பற்றிய பாடம். நயினாதீவு, நெடுந்தீவு, அனலைதீவு என்னும் மூன்றிலும் காற்றாலும் வெயிலாலும் மின் பெறும் திட்டமொன்றைச் சீனக் கம்பனி ஒன்றுக்கு வழங்க 2021 ஜனவரியில் அமைச்சரவை இணங்கியது. இந்தியா அதனை விரும்பவில்லை. அவ்வாண்டு முடிவில் மூன்றாந் தரப்பின் பாதுகாப்புக் கவலையால் திட்டம் நிறுத்தப்பட்டதென்று சீனத் தூதரகம் அறிவித்தது. 2022 மார்ச்சில் இந்தியா நன்கொடையாகச் செய்துதர உடன்பட்டது. ஒப்பந்தம் கைச்சாத்தானது 2024 மார்ச்சில். தொகை 1 கோடியே 10 இலட்சம் டொலர். சூரியவொளியால் 1,700 கிலோவாற்று, காற்றால் 530 கிலோவாற்று. கடனாக வரவிருந்தது நன்கொடையாக வந்தது இலாபம். மூன்றாண்டு டீசல் எரித்தது நட்டம். பெருந்தேசங்களின் கண்ணுக்கு ஒரு தீவு அதன் மக்களாகத் தெரிவதில்லை, அதன் இருப்பிடமாகவே தெரிகின்றது. அதனைப் பயன்படுத்திக்கொள்ளும் சாதுரியம் சிறிய நாட்டுக்கு வேண்டும். அளவு மிஞ்சினால் இரு யானைக்கு நடுவில் அகப்பட்ட புல்லாகிவிடும்.

இவ்வளவும் கூறியபின் தீவு தழைக்காதென்று முடிப்பது எமது எண்ணமன்று. மொரிசியசைப் பாருங்கள். தமிழரும் வாழும் அத்தீவைப் பற்றி 1961 இல் ஜேம்ஸ் மீட் என்னும் பெரும் பொருளியலார் அறிக்கை எழுதினார். கரும்பு ஒன்றே பயிர், சனத்தொகையோ பெருகுகின்றது, இதற்கு நல்ல எதிர்காலம் அரிது என்பதே அதன் தொனி. அவரும் பின்னர் நொபெல் பரிசு பெற்றவரே. 1968 இற் சுதந்திரம் பெற்ற அந்நாடு 1970 இல் ஏற்றுமதி வலயச் சட்டம் இயற்றியது. கரும்பிற் பெற்ற இலாபத்தை ஆடைத் தொழிலிலும் பின்னர் உல்லாசப் பயணத்திலும் இட்டது. பல்லினத்தாரும் பாராளுமன்றத்திற் கூடிப் பேசித் தீர்த்தனர். மீட் பயந்தவை நிகழவில்லை. அறிஞர் தவறுவது எமக்கு எப்போதும் சிறிது ஆறுதல் தருவது. ஆனால் மொரிசியசுக்குத் தன் வரியைத் தானே விதிக்கும் அதிகாரம் இருந்தது. நெடுந்தீவுப் பிரதேச சபைக்கு அது இல்லை. படகு எத்தனை மணிக்குப் புறப்படுவது என்பதே பெரும்பாலும் வேறெங்கோ தீர்மானிக்கப்படுகின்றது.

படகுதான் எல்லாவற்றுக்கும் அடிப்படை. குமுதினி என்னும் பெயரைத் தீவார் எவரும் தடுமாற்றமின்றிச் சொல்லார். 1985 மே 15 அன்று நெடுந்தீவிலிருந்து வந்த அப்படகிற் பயணிகள் பலர், பெண்களும் குழந்தைகளும் உட்பட, நடுக்கடலில் வெட்டிக் கொல்லப்பட்டனர். அதே படகு செப்பனிடப்பட்டு மீண்டும் அதே கடலில் ஓடியது. ஏனெனில் அதற்கு மாற்று இருக்கவில்லை. ஒரு மணி நேரப் படகுப் பயணத்தை நம்பியே ஆசிரியர் வருகின்றார், பிரசவத் தாய் போகின்றாள், நண்டு விலைபோகின்றது. காற்று எழும் மாதங்களிற் படகு நின்றால் யாவும் நிற்கும். வீதியை இலாபம் பார்த்து எந்த அரசாங்கமும் போடுவதில்லை. தீவுக்குப் படகே வீதி. அதன் கணக்கையும் வீதிக் கணக்கிலேயே எழுதவேண்டும் என்பது எம் கட்சி.

ஆனி மாதத் திருவிழாவில் நயினாதீவுக்கு ஆயிரமாயிரம் பேர் இத்துறையாற் கடக்கின்றனர். நாகவிகாரைக்கும் தெற்கிலிருந்து பஸ் பஸ்ஸாக வருகின்றனர். அவர் கையிலுள்ள பணத்தில் எவ்வளவு தீவிலே தங்குகின்றது? படகுக்கூலி தங்குகின்றது, தேநீரின் பாலும் சீனியும் வெளியிலிருந்து வந்தவை, விளையாட்டுப் பொருள்கள் கொழும்பிலிருந்து வந்தவை. பிரசாதப் பெட்டி பனையோலையில் இழைத்ததாயின் அப்பணம் மறுபடி ஓலை வார்ந்த கைக்குச் செல்லும், அக்கை உள்ளூர்க் கடையிற் செலவிடும். பொருளியலார் இதனைப் பெருக்கம் என்பர். பிளாத்திக்குப் பையாயின் பெருக்கம் இல்லை, குப்பை மட்டும் உண்டு. பனை அபிவிருத்திச் சபை 1978 இல் நிறுவப்பட்டது. பனையோ எம்மிடம் அதற்கு முன்னரும் இருந்தது.

எமது கல்லூரியைப் பற்றியும் ஒன்று கூறாவிடின் நேர்மையாகாது. கோழி மேய்த்தாலும் கோறணமேந்தில் மேய்க்கவேண்டும் என்று சொல்லி வளர்த்த தலைமுறை எம்முடையது. தீவுகளிலிருந்து கெட்டிக்காரப் பிள்ளைகளை வாங்கி, தேற்றி, வெளியூருக்கு அனுப்பும் துறையாகவே எம் கல்லூரிகள் தொழிற்பட்டன. அதிற் பெருமையும் அடைந்தோம். அவ்வாறு போனவர் அனுப்பிய பணத்தால் அவர் தங்கையர் வாழ்ந்தனர். ஆகையால் அதனைத் தீமையென்று எழுதக் கை வரவில்லை. எனினும் குறிகட்டுவான் துறையிற் பெட்டியோடு இறங்கிய அந்த இளைஞரை நாம் ஏற்றுமதிக் கணக்கில் எழுதுவதா, இழப்புக் கணக்கில் எழுதுவதா என்பது இன்றுவரை எமக்குத் தீராத ஐயம்.

உயர்தர வகுப்பிற் பொருளியல் கற்கும் மாணவர்க்கு ஆசிரியர்கள் ஒரு பயிற்சி கொடுக்கலாம். நால்வர் நால்வராகச் சென்று, ஒரு கிழமை முழுவதும், காலை முதற் படகிலிருந்து மாலைக் கடைசிப் படகு வரை துறையில் இருந்து, ஏறியதும் இறங்கியதும் நிறையோடும் விலையோடும் ஒரு கொப்பியிற் பதியட்டும். ஒரு பக்கம் நயினாதீவுக்கு, ஒரு பக்கம் நெடுந்தீவுக்கு. ஆட்களை வயதுவாரியாக எண்ணட்டும். திருவிழாக் கிழமையில் ஒருமுறையும், சோளகம் பெயர்ந்து கடல் கொந்தளிக்கும் கிழமையில் ஒருமுறையும் எடுத்தால் ஒப்பிட வசதியாகும். அக்கொப்பிகளை அச்சிடும் செலவைப் பழைய மாணவர் சங்கம் ஏற்கும்படி அடுத்த பொதுக்கூட்டத்திற் பிரேரிக்க எண்ணியுள்ளோம். வழிமொழிவதற்கு இருவர் இப்போதே இசைந்திருக்கின்றனர். வெயிலுக்குக் குடை கொண்டுபோக வேண்டும். துறையில் நிழல் குறைவு.